நிறுத்தி வைத்த ஆட்டம்

ஒன்பது மணிக்கு என்றால் ஒன்பது மணிக்கே கரண்டைப் பிடுங்கிவிட்டார்கள். மாதாந்திரப் பராமரிப்பாம். இந்த ஊரில் வேறு எந்தக் காரியத்துக்கும் இப்படியொரு நேர ஒழுங்கு கிடையாது. கீழ்வீட்டு மிக்ஸி பாதிச் சட்னியில் நின்றது, மோட்டார் நின்றது, இன்வெர்ட்டர் ஒரு விக்கல் விக்கிவிட்டுப் பிடித்துக்கொண்டது, அந்த ஒரு விக்கலில் எனக்கு உயிர் போய் வந்தது. டிவிக்குக் கீழே இருக்கும் கேம் பெட்டியைப் பார்த்தேன். ஆரஞ்சு விளக்கு எரிகிறது. வெள்ளை என்றால் விழித்திருக்கிறது, ஆரஞ்சு என்றால் தூங்குகிறது, விளக்கே இல்லையென்றால் உள்ளே இருந்தது எல்லாம் போயிற்று. இப்போதைக்குத் தூங்குகிறது. அதற்குள் தாரிணி தொங்கிக்கொண்டிருக்கிறாள், நான் அவளைப் பிடித்துக்கொண்டிருக்கிறேன். பனிமலை ஏறும் ஆட்டம் அது, இரண்டு பேர், இரண்டு பேர் இடுப்பிலும் ஒரே கயிறு. சிவப்புத் தொப்பி தாரிணி, நீலத் தொப்பி நான். கூடாரத்துக்குக் கூடாரம்தான் பெட்டி நினைவில் வைத்துக்கொள்ளும், நடுவில் என்ன நடந்தாலும் அதற்குக் கணக்கில்லை. அன்றைக்கு இரண்டு கூடாரத்துக்கும் நடுவே அவள் கால் வழுக்கித் தொங்கிவிட்டாள், நான் ஒரு பாறை முனையைப் பற்றிக்கொண்டு நிற்கிறேன், சரியாக அப்போது பார்த்துக் கீழே அவள் தாத்தாவின் ஸ்கூட்டர் ஹாரன். தாரிணி ஆட்டத்தை அப்படியே நிறுத்தினாள். "அப்பா, என்னை விட்டுடாத. புடிச்சிக்கிட்டே இரு. அடுத்த சனிக்கிழமை வந்து ஏறிக்கிறேன். மூடிடாத, என்ன?" மூட மாட்டேன்டா என்றேன். அப்போது தை பிறக்கவில்லை. இப்போது ஆனி பிறந்துவிட்டது, அந்த அடுத்த சனிக்கிழமை இன்றைக்குத்தான் வருகிறது. நேற்று தாரிணியின் அம்மா சுகந்தியிடமிருந்து ஒரே வரி வந்தது, நாளைக்குப் பாப்பாவை எங்க அப்பா கொண்டுவந்து விடுவார் என்று. என்றைக்குக் கரண்ட் இல்லையோ அன்றைக்குத்தான் என் மகள் வருகிறாள், என் அதிர்ஷ்டத்துக்கு இது ஒன்றும் அதிசயம் இல்லை.

மின்விசிறியை அணைத்துவிட்டேன். பெட்டி தூங்கும்போது குடிக்கிற மின்சாரம் கொசுவிரட்டி அளவுகூட இருக்காது, ஆனாலும் இந்த பேட்டரியை நம்ப முடியாது. ஒர்க்‌ஷாப் ஃபாத்திமாநாதன், "நமக்குள்ள என்ன சார், எடுத்துட்டுப் போங்க, நல்லா இழுக்கும்" என்று தலையில் கட்டிய பழைய பேட்டரி. போன மாதம் தண்ணீர் ஊற்றினேனா? ஊற்றினேன். ஊற்றினேனா, ஊற்ற வேண்டும் என்று நினைத்தேனா? பச்சை விளக்குப் போய் மஞ்சள் வந்துவிட்டது, சும்மா உட்கார்ந்திருக்கும்போதே மஞ்சள். சிவப்பு வந்தால் கத்தும், கத்தி முடித்தால் நின்றுவிடும். சட்டை முதுகில் ஒட்டுகிறது, கழுத்திலிருந்து ஒரு சொட்டு முதுகுத்தண்டு வழியே மெதுவாக இறங்குகிறது, பாதிச் சட்னியின் தேங்காய் வாசம் படியேறி வருகிறது, பசிக்கவில்லை. ஜன்னலைத் திறந்தால் காற்று வரும், ஆனால் எழுந்து போகிற நேரத்தில் விளக்கு அணைந்துவிட்டால்? நான் பார்த்துக்கொண்டே இருந்தால் அணையாது என்று எந்தப் புத்தகத்தில் எழுதியிருக்கிறது, தெரியவில்லை, ஆனால் பார்த்துக்கொண்டே இருக்கிறேன். பெட்டியின் சுவிட்சின் மேல் ஒட்டிய பிளாஸ்திரி வியர்வையில் நனைந்தது மாதிரி ஓரம் பிரிந்திருக்கிறது. காயத்துக்குப் போடுகிற பிளாஸ்திரிதான், அக்கா வந்துபோன அன்றைக்கு ஒட்டியது. மல்லிகா அக்கா சமயபுரம் பூச்சொரிதலுக்கு வந்தவள், கிளம்பும்போது வீட்டில் இருக்கிற சுவிட்சை எல்லாம் ஒவ்வொன்றாகத் தட்டிக்கொண்டே வந்தாள். நம் ஆட்கள் வீட்டைப் பூட்டினால் சுவிட்சை அணைக்காமல் போவார்களா, இடி இடித்தால் பிளக்கையே பிடுங்குகிற வம்சம் ஆயிற்றே. அவள் விரல் இந்த சுவிட்சின் மேல் இருந்தது. நான் போட்ட சத்தத்தில் கீழ்வீட்டுக்காரர் படி வரைக்கும் வந்துவிட்டார். "என்னடா, என்னமோ கொள்ளை போற மாதிரி அலறுற? ஒரு சுவிட்ச அமத்துனது குத்தமா?" என்றாள் அக்கா. கண் கலங்கிவிட்டது அவளுக்கு. என்னவென்று சொல்வேன், உள்ளே பிள்ளை தொங்குகிறாள் அக்கா என்று சொன்னால் ஆஸ்பத்திரிக்குத்தான் கூட்டிப்போவாள். பேருந்து ஏற்றிவிட்டு வந்தேன். அதற்குப் பிறகு அவள் வரவே இல்லை.

முந்தின கூடாரத்திலிருந்து மறுபடி ஆடினால் ஆயிற்று, என்ன பெரிய நஷ்டம் என்று யாரும் கேட்கலாம். கேட்கட்டும். நானே கேட்டுக்கொள்கிறேன். நஷ்டம் எவ்வளவு என்று சொல்வதுதானே என் பிழைப்பு. இன்சூரன்ஸ் சர்வேயர் குணசீலன். நசுங்கிய கார், புளியமரத்தில் ஏறிய லாரி, சீட்டில் இன்னும் செருப்பு கிடக்கிற வேன், எல்லாவற்றையும் சுற்றிவந்து போட்டோ எடுத்து, இது தேறும், இது தேறாது, மொத்த நஷ்டம் என்று கை நடுங்காமல் எழுதுகிறேன். ஊரார் வண்டிக்கு எழுதுகிற கை. இந்தப் பெட்டியை வாங்கியபோது அதில் எதை எப்படி மூடுவது என்றுகூட எனக்குத் தெரியாது, எல்லாம் தாரிணி சொல்லிக்கொடுத்ததுதான். நடுப் பொத்தானை அழுத்தினால் ஆட்டம் நிற்கும், பட்டியல் வரும், ஆட்டத்தின் படத்தின் மேல் நின்று ஓரப் பொத்தானை அழுத்தினால் "மூடு" என்று வரும். மூடப் போனால் அது ஒருமுறை கேட்கும், சேமிக்காததெல்லாம் போய்விடும், சம்மதமா என்று. மனிதர்கள்கூட அப்படிக் கேட்பதில்லை. ஒரு ஆட்டம் நடுவில் நிற்கும்போது இன்னொன்றைத் திறந்தால் முதலாவதை மூடிவிடும், அதனால் நான் வேறு எதையும் திறப்பதில்லை. கால்பந்து ஆட்டத்து சிடித் தட்டு உறைகூடப் பிரிக்காமல் கிடக்கிறது. மாசி மாதம் ஒருநாள் காலையில் பெட்டி தானாகவே ஒரு செய்தி காட்டியது, புதுப்பிப்பு வந்திருக்கிறது, நீங்கள் இல்லாத நேரத்தில் நானே போட்டுக்கொண்டு திரும்பத் துவங்குவேன் என்று. திரும்பத் துவங்கினால் உள்ளே இருக்கிற ஆட்டம் செத்தது. அன்றைக்கே நெட் ஒயரைப் பிடுங்கினேன், வைஃபையையும் மறக்கச் சொன்னேன். வெளியிலிருந்து எவனும் வந்து தட்ட முடியாது, எதுவும் தானாக நடக்காது. நிம்மதியாக இருந்தது. "உங்களுக்கு எதையுமே முடிக்கத் தெரியாதுங்க" என்பாள் சுகந்தி. "ஒரு சண்டையக்கூட முழுசாப் போட மாட்டீங்க. பாதியில எந்திரிச்சு பைக்க எடுத்துட்டுப் போயிடுவீங்க. நான் இங்க தனியா ஒக்காந்து ரெண்டு பேருக்கும் சேத்து சண்ட போடணும்." உண்மைதான். கோர்ட்டில்கூட அவள்தான் முடித்தாள், நான் கையெழுத்துப் போட்டேன். ஆனால் இதை முடிக்காமல் வைத்திருப்பது அந்தச் சோம்பல் இல்லை, இது வேறு, பிள்ளை சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள், வந்து ஏறிக்கொள்கிறேன் என்று. அவள் ஏற வேண்டியது பாக்கி இருக்கிறவரை அவள் இங்கே வர வேண்டியதும் பாக்கி இருக்கிறது. இது பைத்தியக்காரத்தனம் என்று எனக்கே தெரியும். சில நாள் சாயங்காலம் வேலை முடிந்து வந்து, பெட்டியை எழுப்பி, "மூடு" என்பதில் போய் நின்று, கட்டைவிரலை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். ஓர் அழுத்து. ஆட்டத்துக்குள் இருக்கிற அந்த நீலத் தொப்பிக்கும் கை வலிக்காதா. அப்புறம் விரலை எடுத்துவிட்டு மறுபடி தூங்கவைப்பேன்.

மஞ்சள். இன்னும் மஞ்சள்தான். பத்து மணிக்கு மேல் என்றுதான் எழுதியிருந்தாள், பத்துக்கு மேல் என்றால் பதினொன்றும் பத்துக்கு மேல்தான், சாயங்காலமும் பத்துக்கு மேல்தான். வராமலே போய்விட்டால்? ஒவ்வொரு சனிக்கிழமையும் ஒரு காரணம் வந்தது. காய்ச்சல். பரீட்சை. அபாகஸ் வகுப்பு. ஆண்டு விழா ஒத்திகை. யாருடைய மஞ்சள் நீராட்டோ. பிறகு பெரிய விடுமுறை வந்தது, விடுமுறையில் பிள்ளை பெரியம்மா வீட்டில் இருக்கிறாள் என்றார்கள், பெரியம்மா வீடு என்ன அமெரிக்காவிலா இருக்கிறது, இதே உறையூரில் எனக்கு அடுத்த தெரு. போன் செய்தால் படிக்கிறாள், குளிக்கிறாள், தூங்குகிறாள். ஒரு பிள்ளை இவ்வளவு குளிக்குமா. வக்கீல் அம்மா சொன்னார், "மனு போடலாம் சார், ஜெயிக்கவும் செய்யலாம். ஆனா பிள்ளைக்கு வர்ற ஆசை இருக்கணும். அதை ஆர்டர்ல எழுத முடியாது." பிள்ளைக்கு ஆசை இருக்கிறது என்று சொன்னேன். எப்படித் தெரியும் என்று கேட்டார். ஆரஞ்சு விளக்கு என்றா சொல்வேன். பயமாக இருக்கிறது. வெளியே சொல்வதற்கென்ன, இங்கே யார் இருக்கிறார்கள், பயமாகத்தான் இருக்கிறது. அவள் முகம் நினைவில் கொஞ்சம் கொஞ்சமாகப் பழையதாகிக்கொண்டு வருகிறது, முன்பல் விழுந்த முகம்தான் முதலில் வருகிறது, அது எப்போதோ முளைத்துவிட்டது. பத்து வயதுப் பிள்ளைக்கு ஆறு மாதம் என்பது எவ்வளவு பெரிய காலம். எனக்கு ஆறு மாதம் என்றால் ஒரே அறை, ஒரே நாற்காலி, நூறு நசுங்கிய வண்டி. அவளுக்குப் புது வகுப்பு, புது டீச்சர், புது செருப்பு. குரங்குப் பிடி என்பார்கள், குடத்துக்குள் பிடித்த கையை விரித்தால் வெளியே வந்துவிடலாம், விரிக்கத் தெரியாது. விரிக்க மாட்டேன். இன்றைக்கு அவள் வருவாள், சிவப்புத் தொப்பி ஏறும், இருவரும் அடுத்த கூடாரம் போய்ச் சேர்வோம், பெட்டி அதை நினைவில் வைத்துக்கொள்ளும், அதற்குப் பிறகு கரண்ட் என்ன, இடியே விழட்டும். இன்வெர்ட்டர் கத்துகிறது. சிவப்பு வந்துவிட்டது. கத்துகிறது, விட்டுவிட்டுக் கத்துகிறது, மறுபடி. நான் எழுந்து போய் அதன் முன்னால் நின்றேன், எதற்கு என்று தெரியவில்லை, அதன் மண்டையில் கையை வைத்தேன், சூடாக இருந்தது. இன்னும் கொஞ்சம், தாயே, இன்னும் கொஞ்சம் பொறு என்று ஓர் இன்வெர்ட்டரிடம் கெஞ்சினேன், வெட்கமில்லாமல் வாய்விட்டுக் கெஞ்சினேன்.

கரண்ட் வந்துவிட்டது. இரண்டு மணிவரை என்று பேப்பரில் போட்டிருந்தார்கள், பதினொன்றுகூட ஆகவில்லை, வந்துவிட்டது. மிக்ஸி மீதிச் சட்னியை அரைக்க ஆரம்பித்தது. ஆரஞ்சு எரிகிறது. நம்ப முடியாமல் டிவியைப் போட்டுப் பெட்டியை எழுப்பினேன், வெள்ளை விளக்கு வந்தது, திரை ஒரு கணம் கறுப்பாக இருந்து, பிறகு விரிந்தது. மலை. பனி. நடுவில் "நிறுத்தம்" என்ற எழுத்து. பாறை முனையில் நீலத் தொப்பி ஒரு கையால் தொங்குகிறது, கீழே கயிற்றின் நுனியில் சிவப்புத் தொப்பி. அப்படியே இருக்கிறார்கள். மின்வாரியத்தை, பழைய பேட்டரியை, அக்கா விரலை, தானாக வரும் புதுப்பிப்பை, எல்லாவற்றையும் ஜெயித்து நிற்கிறார்கள் இரண்டு பேரும். சிரித்துவிட்டேன், தனியாக. இரண்டு கன்ட்ரோலரையும் துடைத்து வைத்தேன். அப்போது கீழே ஹாரன். எட்டிப் பார்த்தால் சுகந்தியின் அப்பா, ஹெல்மெட்டைக் கழற்றாமலே ஸ்கூட்டரில் உட்கார்ந்திருக்கிறார். படியேற மாட்டார். முன்பெல்லாம் மாமா என்பேன், கறிக்குழம்பென்றால் எனக்கென்று எலும்பாகப் பார்த்து எடுத்து வைப்பார், இப்போது எப்படிக் கூப்பிடுவது என்று எனக்கும் தெரியாது, எப்படித் திரும்புவது என்று அவருக்கும் தெரியாது. "அஞ்சு மணிக்கு வந்துருவேன்" என்றார், மாடியைப் பார்க்காமல், கேட்டைப் பார்த்து. சரிங்க என்றேன். அந்த "ங்க" போதுமானதாக இருந்தது.

படியேறி வந்தவள் உயரமாக இருந்தாள். தோள் வரைக்கும் வந்துவிட்டாள், முடியை வெட்டியிருக்கிறார்கள், கண்ணாடி போட்டிருக்கிறாள், கண்ணாடி போட்டதை யாரும் எனக்குச் சொல்லவில்லை. "நல்லா இருக்கீங்களாப்பா?" என்றாள். வாப்பா போப்பா என்று என் சட்டையைப் பிடித்து இழுத்தவள். என்னடா புதுசா மரியாதை என்றேன், "அம்மாதான் அப்படிப் பேசணும்னு சொல்லிருக்காங்க" என்று பையைத் திறந்து ஒரு ஆட்டத்தின் தட்டை எடுத்தாள். "ரிஷி அண்ணா குடுத்தான்பா. நாளைக்கே திருப்பித் தரணும்." ரிஷி அவளுடைய பெரியம்மா பையன். அதற்குள் திரையைப் பார்த்துவிட்டாள். நான் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன், வாழ்க்கையில் இவ்வளவு கவனமாக எதையும் பார்த்ததில்லை. "ஐயோ, இது இன்னும் ஓடிக்கிட்டா இருக்கு?" என்று சிரித்தாள். நீதானே மூடாதேன்னு சொன்ன என்றேன். "நானா?" யோசித்தாள். "ஓ. ஆமால்ல." அப்புறம் சிரிப்பு நின்றது. "நான் உங்கள எவ்ளோ கூப்ட்டேன் தெரியுமா? ரிஷி அண்ணா பெட்டிலேர்ந்து. ஆட வாங்கன்னு அனுப்பிக்கிட்டே இருந்தேன். லீவு பூராவும். உங்க பேரு மட்டும் எப்பப் பாத்தாலும் மங்கலாவே கெடக்கும். அம்மாட்ட போன் கேட்டா திட்டுவாங்கள்ல, அதனாலதான் அதுல கூப்ட்டேன். நீங்க வரவே இல்ல." நெட்டைக் கழட்டி வைத்திருந்தேன் என்றேன். "ஏன்?" இது போய்விடுமே என்று, என்றேன், திரையைக் காட்டி. அவள் திரையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், கண்ணாடியை மேலே தள்ளிக்கொண்டாள். "இது எதுக்குப்பா? இத நானும் ரிஷி அண்ணாவும் அப்பவே முடிச்சுட்டோமே. மேல போனா ஒண்ணுமே இல்ல, ஒரு கொடி இருக்கும், அவ்ளோதான்." லீவு பூராவும். அடுத்த தெருவிலிருந்து கூப்பிட்டிருக்கிறாள், நான் இங்கே கதவைச் சாத்திக்கொண்டு அவளைப் பிடித்துக்கொண்டிருந்தேன். அவள் தட்டைப் போட்டாள், பெட்டி வழக்கமான கேள்வியைக் கேட்டது. "மூடுனாத்தான் இது ஓடும். மூடவாப்பா?" கேட்டாளே, அதுவே பெரிது. மூடிடும்மா என்றேன். அழுத்தினாள். அவர்கள் விழக்கூட இல்லை, மலையும் பனியும் இல்லாமல் போயின, அவ்வளவுதான். நான் இரண்டாவது கன்ட்ரோலரைக் கையில் எடுத்தேன். "இல்லப்பா, இது ஒருத்தர்தான் ஆடலாம். நீங்க பாருங்க. அதுக்கு முன்னாடி நெட்ட மாட்டுங்க, இல்லன்னா தொறக்காது." பின்னால் குனிந்து ஒயரை மாட்டினேன். தூசி மூக்கில் ஏறித் தும்மிவிட்டு நிமிர்ந்தபோது திரையின் மூலையில் சின்னச் சின்னக் கட்டங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து விழுந்துகொண்டிருந்தன, ஒவ்வொன்றிலும் அவளுடைய பெயர். அப்பா வா. அப்பா ஆட வா. அப்பா இருக்கியா. லீவு பூராவும் வாசலில் காத்துக் கிடந்தவையெல்லாம் ஒரே நேரத்தில் உள்ளே வந்தன, திரையின் பாதியை மறைத்துக்கொண்டு. தாரிணி "ச்ச, மறைக்குதே" என்றாள், பட்டியலைத் திறந்து எல்லாவற்றையும் அழிக்க மொத்தமாகத் தேர்ந்தெடுத்தாள். இரும்மா, இரு என்றேன். கடைசியில் இருந்ததை நான் படித்து முடிப்பதற்குள் அதுவும் போய்விட்டது.